லவுரியன் குன்றுகள்: ஒரு மலைத்தொடரின் புவியியலும் ஒரு சனநாயகத்தின் அடித்தளமும்

கிரேக்க நாகரிகத்தைப் பற்றி எழுதுவோர் அந்நாட்டின் மலைகளைப் பற்றிக் கூறத் தவறுவதில்லை. மலைகள் நிலத்தைச் சிறு சிறு பள்ளத்தாக்குகளாகப் பிரித்தன. அதனால் நகர அரசுகள் தோன்றின. கடல் அவற்றை இணைத்தது. அதனால் வணிகமும் சிந்தனைச் சுதந்திரமும் வளர்ந்தன என்பது நாம் பாடநூல்களிற் கண்டு பழகிய விளக்கமாகும். எமது நாட்டின் உயர்தர வகுப்புகளிற் கிரேக்க, உரோம நாகரிகத்தைப் பயிலும் மாணவரும் இவ்விளக்கத்தையே பெரும்பாலும் முதலிற் கற்கின்றனர். இதில் உண்மை இல்லாமல் இல்லை. ஆயினும், புவியியலுக்கும் வரலாற்றுக்கும் இடையில் நிற்கும் ஒரு முக்கிய காரணி இவ்விளக்கத்தில் விடுபட்டுப் போகின்றது. அது மனித உழைப்பு. அவ்வுழைப்பு யாருடையது, எத்தகைய உறவுகளின் கீழ்ப் பெறப்பட்டது என்னும் வினாக்களை எழுப்பாதவிடத்து மலை வெறும் மலையாகவே நின்றுவிடும்.

இக்கருத்தை வலியுறுத்துவதற்கு நாம் ஒலிம்பஸ் போன்ற புகழ்பெற்ற மலையைத் தெரிந்துகொள்ளவில்லை. அற்றிக்காக் குடாநாட்டின் தென்கோடியில் அமைந்த லவுரியன் என்னும் தாழ்ந்த குன்றுத் தொடரையே எடுத்துக்கொள்கின்றோம். உயரத்தாற் சிறப்புப் பெறாத இக்குன்றுகள் ஏதென்ஸ் நகரின் வரலாற்றில் வகித்த இடம், உயர்ந்த மலைகள் எவையும் வகித்த இடத்திலும் பெரிதாகும்.

1. நிலமும் பாறையும்

அற்றிக்கா ஏறத்தாழ ஒரு முக்கோண வடிவிலே கடலுக்குள் நீண்டு செல்லும் குடாநாடு ஆகும். அதன் தென்கிழக்கு முனை சூனியன் முனை. அம்முனையிலிருந்து வடக்கு நோக்கிச் செல்லும் குன்றுகளே லவுரியன் தொடர். இதன் மிக உயர்ந்த பகுதியும் கடல் மட்டத்திலிருந்து 400 மீற்றரை எட்டுவதில்லை. கிழக்கே தொரிக்கோஸ் குடாவும், அதற்கு அப்பால் மக்ரோனிசோஸ் என்னும் ஒடுங்கிய நீண்ட தீவும் உள்ளன. வற்றாத ஆறு எதுவும் இங்கு இல்லை. ஆண்டு மழைவீழ்ச்சி ஏறத்தாழ 400 மில்லிமீற்றர் அளவினதே. அதுவும் குளிர்காலத்திலேயே பெரும்பாலும் பெய்கின்றது. மண் ஆழமற்றது. பைன் மரங்களும் முட்புதர்களுமே இயற்கைத் தாவரம். வேளாண்மையை நோக்கமாகக் கொண்டு வந்த ஒருவனுக்கு இந்நிலம் அளிக்கக்கூடியது மிகச் சிறிதே.

ஆனால், இக்குன்றுகளின் செல்வம் அவற்றின் மேற்பரப்பில் இல்லை. சலவைக்கல்லும், தகடு தகடாகப் பிரியும் சிஸ்டுப் பாறையும் ஒன்றன்மேல் ஒன்றாக இங்கு அடுக்கப்பட்டுள்ளன. நிலத்தின் ஆழத்திலிருந்து உந்தி எழுந்த கருங்கற் பாறைக் குழம்பின் வெப்பத்தால் இயங்கிய கனிமக் கரைசல்கள், இவ்விரு பாறைகளும் சந்திக்கும் தளங்களிலே தாதுக்களைப் படியச் செய்தன. நீரை உட்புக விடாத சிஸ்டுப் பாறை மேலே மூடியாக இருக்க, அதன் கீழுள்ள சலவைக்கல்லிலே ஈயத்தாது திரண்டது. அந்த ஈயத்தினுள் வெள்ளி கலந்திருந்தது. இத்தகைய சந்திப்புத் தளங்கள் பல உள. மேற்றளங்கள் பள்ளத்தாக்குகளின் ஓரங்களில் வெளியே தெரிந்தமையால் அவை முற்பட்ட காலத்திலேயே தோண்டப்பட்டன. தொரிக்கோசில் நடைபெற்ற அகழ்வாய்வுகள் அங்கு கி.மு. மூன்றாம் ஆயிரமாண்டளவிலேயே சுரங்க வேலை தொடங்கிவிட்டதைக் காட்டுகின்றன. ஈயச் சமதானிகளின் விகிதத்தை அளவிடும் ஆய்வுமுறையும், வெண்கலக் காலத்து ஈஜியப் பொருள்கள் பலவற்றின் வெள்ளியும் ஈயமும் லவுரியனிலிருந்தே வந்தன என நிறுவியுள்ளது.

எனினும், மிகச் செழிப்பான கீழ்த்தளம் மேலிருந்து கண்ணுக்குப் புலப்படுவதன்று. அதை அடைவதற்குக் கடும் பாறையை ஊடறுத்து ஆழமான கிணறுகளைத் தோண்டவேண்டும். அவற்றுட் சில நூறு மீற்றருக்கும் மேலான ஆழமுடையவை. இரும்புச் சுத்தியலையும் உளியையும் கொண்டு மனிதக் கைகளாலேயே அவை தோண்டப்பட்டன. ஆகவே, ஏதென்ஸ் ஒரு வெள்ளிச் சுரங்கத்தின்மீது அமர்ந்திருந்தது என்று கூறுவது பாதி உண்மையே. பெருந்தொகையான உழைப்பைத் திரட்டி அதனை ஆழத்துக்கு அனுப்பும் ஆற்றல் பெற்ற சமுதாயமொன்று தோன்றும்வரை அவ்வெள்ளி இருந்தும் இல்லாததே.

2. வெள்ளியும் கப்பலும்

கி.மு. 483ஆம் ஆண்டளவில் மறோனியா என்னுமிடத்திலே பெருந்தாதுப் படிவு அகப்பட்டது. அரசுக்குக் கிடைத்த மிகையான வருவாய் 100 தாலந்து என அரிஸ்டோட்டிலின் பெயரால் வழங்கும் ஏதென்ஸ் அரசியலமைப்பு நூல் கூறுகின்றது. இவ்வெள்ளியைக் குடிமக்களுக்கு ஆளுக்குப் பத்துத் திரக்மா வீதம் பங்கிடுவதற்கு இருந்தனர் என ஹெரொடோட்டஸ் எழுதுகின்றார். தெமிஸ்டொக்கிளிஸ் இதனை மறுத்தார். அயல்தீவான ஈஜினாவுடன் நடைபெற்ற போரைக் காரணங்காட்டி, அப்பணத்தைக் கொண்டு போர்க்கப்பல்கள் கட்டவேண்டும் என மக்கள் அவையை இணங்கச் செய்தார். கப்பல்களின் எண்ணிக்கையை ஹெரொடோட்டஸ் 200 என்கிறார். மற்றைய நூல் 100 என்கின்றது. எவ்வாறாயினும், கி.மு. 480இல் சலாமிஸ் நீரிணையிற் பாரசீகக் கடற்படையை எதிர்த்து நின்ற கிரேக்க அணியின் முதுகெலும்பு இக்கப்பல்களே. எட்டு ஆண்டுகளின் பின் எஸ்கிலஸ் அரங்கேற்றிய 'பாரசீகர்' நாடகமும் ஏதென்சின் வலிமையைப் பற்றிப் பேசுகையில் இந்நிலத்து வெள்ளியைக் குறிப்பிடத் தவறவில்லை.

இதன் அரசியல் விளைவு போரின் விளைவிலும் ஆழமானது. மூவரிசைத் துடுப்புக் கப்பல் ஒன்றிற்கு 170 துடுப்போட்டிகள் வேண்டும். நூறு கப்பல்களுக்குப் பதினேழாயிரம் பேர் வேண்டும். கவசம் வாங்க வசதியற்ற வறிய குடிமகனும் துடுப்புப் பிடிக்க வல்லவன். நகரத்தின் பாதுகாப்பு அவனது தோள்களில் தங்கியபோது, அவையில் அவனது குரலும் வலுப்பெற்றது. கி.மு. ஐந்தாம் நூற்றாண்டின் இடைப்பகுதியில் ஏதென்சின் சனநாயகம் முழுமைபெற்றமைக்கு இது முக்கிய காரணங்களுள் ஒன்றாகும். அச்சனநாயகத்தை வெறுத்த, பெயர் அறியப்படாத ஓர் ஆசிரியரே இதனைத் தெளிவாக ஒப்புக்கொண்டுள்ளார். கப்பலைச் செலுத்துவோர் வறியோராதலின், அவர்கள் செல்வரிலும் கூடுதலான உரிமை பெறுவது நியாயமே என்பது அவரது கருத்தின் சாரம்.

இங்கேதான் நாம் சற்று நிதானித்தல் வேண்டும். குன்றிலிருந்து வெள்ளி, வெள்ளியிலிருந்து கப்பல், கப்பலிலிருந்து வறிய குடிமகனின் வாக்கு எனச் செல்லும் இச்சங்கிலியின் முதற் கண்ணியைப் பிடித்திருந்த கை யாருடையது? ஹெரொடோட்டஸ் இதுபற்றி எதுவும் கூறவில்லை. வெள்ளி 'கிடைத்தது' என்பதோடு அவர் நிறுத்திக்கொள்கின்றார். நிலம் தானாகவே வெள்ளியைக் கொடுத்தது போன்ற தோற்றம் அவ்விடத்து உருவாகின்றது. பிற்காலத்து வரலாற்றாசிரியர் பலரும் இத்தோற்றத்தையே தொடர்ந்து பேணி வந்துள்ளனர்.

3. நாளுக்கு ஓர் ஓபொல்

இவ்வினாவுக்கான விடையை எமக்குத் தருபவர் செனபோன். அவர் உழைப்பாளரின் நண்பரல்லர். ஏதென்சின் வருவாயைப் பெருக்க விரும்பிய உயர்குடியினர். கி.மு. 355ஆம் ஆண்டளவில் அவர் எழுதிய 'வருவாய்கள்' என்னும் சிறுநூலிற் சில கணக்குகள் உள. நிசியாஸ் என்னும் தளபதி ஆயிரம் அடிமைகளை வைத்திருந்தார். அவர்களைச் சோசியாஸ் என்னும் திரேசியனுக்குச் சுரங்க வேலைக்காக வாடகைக்கு விட்டார். ஆளுக்கு நாளொன்றுக்கு ஓர் ஓபொல் வாடகை. ஹிப்போனிக்கஸ் என்பவரிடம் 600 பேர்; அவருக்கு நாளொன்றுக்கு ஒரு மினா. பிலமோனிடிஸ் என்பவரிடம் 300 பேர். அவருக்கு அரை மினா.

நிசியாசின் உடன்படிக்கையில் இன்னுமொரு நிபந்தனையும் இருந்தது. வாடகைக்கு எடுத்தவர் அடிமைகளின் எண்ணிக்கையை எப்பொழுதும் குறையாமற் பேணவேண்டும். இந்நிபந்தனையின் பொருளை நாம் ஊன்றி நோக்குதல் வேண்டும். ஆயிரம் என்பது ஆயிரம் மனிதர் அல்லர். அஃது ஓர் எண் மாத்திரமே. ஒருவன் நிலத்தடியில் இறப்பின் இன்னொருவன் அவ்விடத்தை நிரப்புவான். இறந்தவனுக்குப் பெயர் வேண்டியதில்லை. எண் குறையாதிருந்தாற் போதும். அடிமை முறையின் முழுத் தர்க்கமும் ஒரு குத்தகை வாசகத்தில் அடங்கிவிடுகின்றது.

செனபோன் இத்துடன் நிற்கவில்லை. தனியார் இவ்வாறு பயனடையும்போது அரசு ஏன் பயனடையக்கூடாது என வினவி, குடிமகன் ஒருவனுக்கு மூன்று அடிமைகள் என்னும் அளவை எட்டும்வரை அரசே அடிமைகளை வாங்கி வாடகைக்கு விடவேண்டும் என்று முன்மொழிகின்றார். ஆறாயிரம் அடிமைகளால் ஆண்டொன்றுக்கு 60 தாலந்து வருமானம் வரும் என்பது அவரது கணக்கு. ஒரு தாலந்து 36,000 ஓபொல். ஆகவே 60 தாலந்து என்பது 21,60,000 ஓபொல். இதனை ஆறாயிரத்தாற் பிரித்தால் 360 வரும். அதாவது, செனபோனின் ஆண்டில் 360 வாடகை நாள்கள் உள்ளன. அடிமைக்கு நோய் நாளும் இல்லை, விழா நாளும் இல்லை என்பதை அவர் எங்கும் எழுதவில்லை. ஆனால் அவரது எண்கணிதம் அதனை எமக்குச் சொல்லிவிடுகின்றது.

இவ்வாறு குடிமக்கள் ஒவ்வொருவரும் அடிமை உழைப்பின் பங்காளராகும் திட்டத்தை அவர் வறுமை ஒழிப்பின் பெயரிலேயே முன்வைத்தார் என்பதும் மனங்கொள்ளத்தக்கது. ஒருவரின் வறுமையை இன்னொருவரின் அடிமைத்தனத்தால் ஒழிக்கலாம் என்னும் சிந்தனை அச்சமுதாயத்துக்கு முரண்பாடாகத் தோன்றவில்லை. அத்திட்டம் நடைமுறைக்கு வரவில்லை என்பது வேறு விடயம்.

4. குன்றின் உள்ளும் வெளியும்

இக்குன்றுகளில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட பண்டைய சுரங்கக் கிணறுகள் அடையாளங் காணப்பட்டுள்ளன. அவற்றிலிருந்து பிரியும் சுரங்க வழிகள் பல ஒரு மீற்றர் உயரங்கூட இல்லாதவை. ஒருவன் படுத்தோ மண்டியிட்டோதான் அங்கு பாறையை உடைத்திருக்க முடியும். சிறிய மண் விளக்குகளே வெளிச்சம். தாது நிறைந்த பைகளையும் கூடைகளையும் அவ்வழிகளினூடாக இழுத்துச் செல்லவேண்டும்.

வெளியே கொண்டுவரப்பட்ட தாது உரல்களில் இடிக்கப்பட்டது, ஆலைகளில் அரைக்கப்பட்டது, பின்னர் கழுவு மேடைகளுக்குச் சென்றது. சரிவான தளத்தின்மீது நீரைப் பாய்ச்சினால் இலேசான கல் அடித்துச் செல்லப்படும். பாரமான தாது தங்கிவிடும். ஆறில்லாத நாட்டில் நீருக்கு எங்கே செல்வது? இவ்விடத்தே ஏதென்சின் தொழினுட்பத் திறன் வியக்கத்தக்கதாக உள்ளது. குளிர்கால மழையைப் பிடித்து வைப்பதற்குப் பாறையைக் குடைந்து பெருந்தொட்டிகள் அமைத்தனர். நீர் ஊறிப் போகாதவாறு அவற்றின் உட்புறத்தே சிறப்பான சாந்து பூசினர். கழுவு மேடையைச் சுற்றி வாய்க்கால்களும் படிவுக் குழிகளும் அமைத்து, பயன்படுத்திய நீரையே திரும்பத் திரும்பப் பயன்படுத்தினர். இத்தகைய மேடைகள் இருநூறளவில் இனங்காணப்பட்டுள்ளன. ஈற்றில் தாது உலையில் உருக்கப்பட்டது. பெறப்பட்ட ஈயத்தை மீண்டும் காற்றூதிச் சூடாக்க, ஈயம் ஒட்சைட்டாகப் பிரிய, வெள்ளி எஞ்சியது. இவ்வுலைகளுக்கு வேண்டிய கரி மரங்களிலிருந்தே வந்தது. உலைகளின் புகையில் ஈய நஞ்சு இருந்தது.

இப்பகுதியின் காற்று உடல்நலத்துக்கு ஒவ்வாதது என்பதை ஏதென்சின் மேற்குடியினர் நன்கு அறிந்திருந்தனர். பிளேட்டோவின் சகோதரரான கிளௌக்கோன் அரசியலில் இறங்க முனைந்தபோது, வெள்ளிச் சுரங்கங்களின் வருவாய் ஏன் குறைந்தது என்று சோக்கிரதர் அவரை வினவியதாகச் செனபோன் இன்னொரு நூலில் எழுதுகின்றார். தாம் அங்கு சென்றதேயில்லை என்கிறார் கிளௌக்கோன். அவ்விடம் உடலுக்கு ஆகாதது என்று சொல்கிறார்கள். எனவே உமக்கு அது நல்ல சாட்டுத்தான் என்று சோக்கிரதர் கேலி செய்கின்றார். இவ்வுரையாடலில் அங்கு வேலை செய்வோரின் உடல்நலம் பற்றி ஒருவரும் வினவவில்லை. நீதியின் இலக்கணத்தை வாழ்நாள் முழுவதும் தேடிய மனிதரின் வாயிலும் அவ்வினா வந்ததாக இல்லை.

சுரங்கங்களை ஏதென்ஸ் அரசு குடிமக்களுக்குக் குத்தகைக்கு விட்டது. கி.மு. 367இலிருந்து நான்காம் நூற்றாண்டின் குத்தகைப் பதிவுகள் சில கல்வெட்டுகளிற் கிடைத்துள்ளன. எல்லைகள், அயல் நிலங்கள், குத்தகைக்காரரின் பெயர், தொகை யாவும் அவற்றில் உள. தோண்டியவரின் பெயர் ஒன்றுதானும் இல்லை.

ஆயினும், அப்பெயர்கள் முற்றாக மறைந்துவிடவில்லை. லவுரியனிற் கிடைத்த கி.மு. நான்காம் நூற்றாண்டுக் கல்லறைக் கல்லொன்று அட்டோட்டாஸ் என்னும் சுரங்கத் தொழிலாளியுடையது. தான் கருங்கடற் கரையிலுள்ள பப்லகோனியாவைச் சேர்ந்தவன், தன் மண்ணுக்குத் தொலைவிலே இறந்தவன், தொழிற்றிறனில் ஒருவருக்கும் சளைக்காதவன் என்று அக்கல் அறிவிக்கின்றது. மேலும், திரோயப் போரிற் பட்ட பைலேமெனிஸ் என்னும் பப்லகோனிய மன்னனின் வழித்தோன்றல் எனவும் உரிமை கொண்டாடுகின்றது. அவன் அடிமையாகவே இறந்தானா, விடுதலை பெற்றிருந்தானா என்பது ஆய்வாளரிடையே விவாதத்துக்குரியது. எமக்கு முக்கியமானது வேறு. கிரேக்கரின் மாபெரும் காவிய மரபினுள்ளேயே, கிரேக்கருக்கு எதிராகப் போரிட்ட பக்கத்தில் தன் முன்னோனைக் கண்டெடுத்து, அதனைக் கிரேக்க மொழியிலேயே கல்லிற் பொறிக்கச் செய்தவன் இவன். அடிமையை 'உயிருள்ள கருவி' என அரிஸ்டோட்டில் வரையறுத்த அதே நூற்றாண்டில் இக்கல் நாட்டப்பட்டது. கருவிக்கு முன்னோர் இல்லை. தொழிற் பெருமிதமும் இல்லை. அட்டோட்டாசுக்கு இரண்டும் இருந்தன.

5. ஓட்டமும் எழுச்சியும்

ஏதென்சின் பகைவர் இவ்வுண்மையைத் தெளிவாக அறிந்திருந்தனர். கி.மு. 413இல் ஸ்பாட்டர் அற்றிக்காவின் வடபகுதியிலுள்ள தெசேலியாவைக் கைப்பற்றி நிலையாக அரண் அமைத்தனர். லவுரியனின் வருவாயை ஏதென்ஸ் இழக்கும் என்பது, ஸ்பாட்டருக்கு இத்திட்டத்தை வழங்கிய அல்சிபியடிஸ் எடுத்துக்காட்டிய நன்மைகளுள் ஒன்று. இதன் விளைவாக 20,000க்கும் மேற்பட்ட அடிமைகள் ஏதென்சை விட்டு ஓடினர் எனவும், அவர்களிற் பெரும்பகுதியினர் கைத்தொழில் வல்லோர் எனவும் துசிடிடிஸ் பதிவுசெய்கின்றார். அவர்கள் அனைவரும் சுரங்கங்களிலிருந்து ஓடியவர்கள் என்று கொள்வதற்கில்லை. ஆனாற் சுரங்கத் தொழில் நிலைகுலைந்தது. சில ஆண்டுகளில் நகரம் தன் தெய்வச் சிலைகளின் பொன்னை உருக்கியும், செம்பின்மேல் வெள்ளி பூசியும் நாணயம் அடிக்கவேண்டிய நிலைக்கு ஆளாகியது. கி.மு. 404இல் ஏதென்ஸ் சரணடைந்தது. போர் வரலாறுகள் தளபதிகளின் பிழைகளை விரிவாக ஆராய்கின்றன. தம் கால்களால் வாக்களித்த இருபதினாயிரம் பேர் அவற்றில் ஒரு வாக்கியத்தையே பெறுகின்றனர்.

நான்காம் நூற்றாண்டிற் சுரங்கத் தொழில் மீண்டும் தழைத்தது. மக்கெதோனியரின் எழுச்சியின் பின்னர் படிப்படியாகத் தளர்ந்தது. கி.மு. இரண்டாம் நூற்றாண்டின் இறுதியில், சிசிலியின் இரண்டாவது அடிமை எழுச்சி நிகழ்ந்த காலத்தில், லவுரியனின் அடிமைகளும் கிளர்ந்தெழுந்தனர். காவலரைக் கொன்று, சூனியன் அரணைக் கைப்பற்றி, நெடுங்காலம் அற்றிக்காவைக் கலக்கினர் எனப் பொசிடோனியசை ஆதாரங்காட்டி அதெனேயஸ் கூறுகின்றார். எண் குறையாதிருக்க வேண்டிய அவர்கள், தாமே ஓர் எண்ணிக்கையாகத் திரண்ட கணம் அது. கி.மு. முதலாம் நூற்றாண்டின் பிற்பகுதியிலும் கி.பி. முதலாம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் வாழ்ந்த ஸ்ட்ராபோவின் காலத்திற் பழைய கழிவுகளை மீண்டும் உருக்கும் வேலை மாத்திரமே எஞ்சியிருந்தது.

6. பழைய கழிவும் புதிய மூலதனமும்

குன்றுகள் ஏறத்தாழ ஈராயிரம் ஆண்டுகள் உறங்கின. 1860களில் இத்தாலியரான செர்ப்பியேரி, பண்டையோர் கொட்டிச் சென்ற கழிவிலும் ஈயமும் வெள்ளியும் உள்ளன என்பதை அறிந்து நிறுவனமொன்றை அமைத்தார். அக்கழிவு யாருக்கு உரியது என்பது குறித்து எழுந்த பிணக்கு 'லவுரியன் பிரச்சினை' என்னும் பெயருடன் கிரேக்க அரசியலைக் கலக்கியது. 1873இல் நிதியாளர் அந்திரெயாஸ் சிங்ரோஸ் தலையிட்டு நிறுவனத்தை வாங்கினார். பங்குகளின் விலை ஏறி வீழ்ந்தபோது சிறு முதலீட்டாளர் பலர் அழிந்தனர். அதன்பின் பிரெஞ்சு நிறுவனமொன்று ஆழச் சுரங்கங்களை மீண்டும் திறந்தது. 1885இல் ஏதென்சிலிருந்து புகையிரதம் வந்தது.

இம்முறை தோண்டியோர் சட்டப்படி சுதந்திர மனிதர். ஆனால், முதலாவது நவீன ஒலிம்பிக் விழா ஏதென்சில் நடைபெற்ற 1896ஆம் ஆண்டிலேயே கமரிசாவின் சுரங்கத் தொழிலாளர் வேலைநிறுத்தத்தில் இறங்கினர். நிறுவனக் காவலரின் துப்பாக்கிக்குத் தொழிலாளர் பலியாயினர். ஒழுங்கை நிலைநாட்டப் படை அனுப்பப்பட்டது. பண்டைக் கிரேக்கத்தின் பெருமையை உலகம் கொண்டாடிய ஆண்டில், அப்பெருமைக்கு வெள்ளி கொடுத்த குன்றில் இது நிகழ்ந்தது. அரை நூற்றாண்டின் பின், 1947இலிருந்து, உள்நாட்டுப் போர்க்காலத்திலே லவுரியனுக்கு எதிரேயுள்ள மக்ரோனிசோஸ் தீவு இடதுசாரிப் படைவீரரையும் அரசியற் கைதிகளையும் அடைத்து வைத்து வதைத்த முகாமாகியது.

20ஆம் நூற்றாண்டின் இறுதிப் பகுதியிற் சுரங்கங்களும் உலைகளும் மூடப்பட்டன. பிரெஞ்சு நிறுவனத்தின் கட்டடங்கள் இன்று தொழினுட்பப் பண்பாட்டுப் பூங்காவாக உள்ளன. மண்ணில் ஈயமும் ஆர்சனிக்கும் எஞ்சியுள்ளன. நகரின் சிறுவரின் குருதியில் மிகையான ஈயம் இருந்ததை அந்நூற்றாண்டின் பிற்பகுதி ஆய்வுகள் வெளிப்படுத்தின. ஈராயிரத்தைந்நூறு ஆண்டுகளின் உற்பத்திக் கணக்கு அவர்களது உடலிலும் எழுதப்பட்டிருந்தது.

7. முடிவாக

இவ்வளவும் கூறியதனால் ஏதென்சின் சனநாயகம் வெறும் மாயை என்பது எமது முடிவன்று. துடுப்புப் பிடித்த வறிய குடிமகன் செல்வனுக்குச் சமமாக அவையில் எழுந்து பேசியமை மனித வரலாற்றில் உண்மையான ஒரு முன்னேற்றமே. ஆனால் அம்முன்னேற்றத்தின் எல்லை லவுரியன் கிணறுகளின் வாயில் முடிந்தது. உரிமை பெற்ற வறியவன், உரிமையற்றவனின் உழைப்பிலே தன் உரிமையை நாட்டிக்கொண்டான். அதனாலேயே தெசேலியாவில் அரண் எழுந்தபோது, அச்சனநாயகத்தைக் காக்க அதன் அடித்தளத்தில் நின்றவர்களுக்குக் காரணம் எதுவும் இருக்கவில்லை.

புவியியலைப் பொறுத்தவரை நாம் பெறும் பாடமும் இதுவே. மலை வரலாற்றை ஆக்குவதில்லை. அது வாய்ப்பை அளிக்கின்றது, தடையையும் விதிக்கின்றது. அவ்வாய்ப்பு யாருடைய கையால் மெய்ம்மையாகின்றது, அதன் பயன் யாரைச் சென்றடைகின்றது என்பவற்றைத் தீர்மானிப்பவை சமூக உறவுகளே.

சூனியன் முனையில் பொசைடன் கோயிலின் வெண்டூண்கள் இன்றும் நிற்கின்றன. அவற்றின் சலவைக்கல் அருகிலுள்ள அக்ரிலேசாப் பள்ளத்தாக்கிலிருந்து வெட்டப்பட்டது; அதே பள்ளத்தாக்கிலே தாது கழுவிய மேடைகளும் உள. பயணிகள் தூண்களைப் பார்க்கின்றனர். ஒரு தூணிலே ஆங்கிலக் கவிஞர் பைரனின் பெயர் பொறிக்கப்பட்டிருப்பதையும் தேடிப் பார்க்கின்றனர். அட்டோட்டாசின் பெயரைத் தேடுவோர் சிலரே. அவ்விரு பெயர்களையும் ஒருசேர வாசிக்கக் கற்றுக்கொள்வதே வரலாறு பயில்வதன் பயன் என நாம் கருதுகின்றோம்.